பதவியுயர்வு: உரிமையா, சலுகையா?

அரசாங்க உத்தியோகத்தர் ஒருவர் தமக்குரிய பதவியுயர்வு மறுக்கப்பட்டதென நீதிமன்றத்தை நாடும்போது, சமூகம் அதனை வெறும் கந்தோர்ச் சச்சரவாகவே கருதுகின்றது. மாதச் சம்பளம் தவறாமற் பெறும் ஒருவர் மேலும் சில ரூபாவுக்காகவும் ஒருபடி உயர்ந்த கதிரைக்காகவும் வழக்காடுகின்றார் என்பதே பொதுவான எண்ணம். வயலிலும் தோட்டத்திலும் கடலிலும் உழைப்போரின் துயரங்களோடு ஒப்பிட்டு, இதனை மத்தியதர வர்க்கத்தின் மனக்குறையென ஒதுக்கிவிடும் போக்கு முற்போக்குச் சிந்தனையாளரிடையேயும் உண்டு.

இவ்வெண்ணம் பிழையானது, அத்துடன் ஆட்சியாளருக்கு மிகவும் வசதியானதுமாகும். பதவியுயர்வை யார் வழங்குகின்றார், எந்த விதியின்படி வழங்குகின்றார், அவ்விதி மீறப்பட்டால் யாரிடம் முறையிடலாம் என்னும் மூன்று வினாக்களுமே அரசாங்க சேவை மக்களுக்குரியதா ஆட்சியிலிருப்போருக்குரியதா என்பதைத் தீர்மானிக்கின்றன. இலங்கையின் அரசியலமைப்பு வரலாறு இவ்வினாக்களுக்கு அளித்த விடை வெட்கப்படத்தக்கது. சட்டத்தின் பொருளாக இருக்கவேண்டிய பதவியுயர்வு படிப்படியாகச் சலுகையின் பொருளாக்கப்பட்டது. பின்னர் வந்த திருத்தங்கள் அந்நிலையை ஓரளவு தணித்தனவேயன்றி முற்றாக மாற்றவில்லை.

இவ்வரலாற்றைக் கோடீஸ்வரன் வழக்கிலிருந்து தொடங்குதல் பொருத்தமாகும். அது பதவியுயர்வு பற்றிய வழக்கன்று. வருடாந்தச் சம்பள உயர்ச்சி பற்றியது. எனினும் அரச ஊழியரின் சேவை உரிமைகள் யாவற்றுக்கும் அடிப்படையான கேள்வி அதிலேதான் எழுந்தது. 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டத்தை நடைமுறைப்படுத்தும் பொருட்டு 1961 டிசம்பரில் 560ஆம் இலக்கத் திறைசேரிச் சுற்றுநிருபம் வெளியிடப்பட்டது. அதன்படி சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைக்குத் தோற்றாத இலிகிதரான கோடீஸ்வரனின் 1962ஆம் ஆண்டுச் சம்பள உயர்ச்சி நிறுத்தப்பட்டது. அவர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். அரசகரும மொழிச் சட்டம் சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவினை மீறுகின்றது, ஆதலால் அதன்கீழ்ப் பிறந்த சுற்றுநிருபமும் செல்லாது என்பதே அவரது வாதம். 1964 இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார்.

அரசாங்கம் மேன்முறையீடு செய்தது. 1967 இல் உயர் நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியது. ஆனால் மொழிச் சட்டம் செல்லுமா செல்லாதா என்ற கேள்வியை அது தொடவில்லை. முடியின் ஊழியர் தமது சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்காட முடியாதென்று கூறி வழக்கை வாசலிலேயே நிறுத்தியது. அரச ஊழியரின் சம்பளம் உரிமையன்று, அரசின் அருள் என்பதே அதன் உட்பொருள். 1969 டிசம்பரில் கோமறைக் கழகம் இக்கொள்கையை நிராகரித்தது. உழைத்த சம்பளத்தை வழக்காடிப் பெறும் உரிமை இலங்கையின் அரச ஊழியருக்கு உண்டு என முடிவு செய்து, மொழிச் சட்டம் பற்றிய கேள்வியைத் தீர்மானிக்குமாறு வழக்கை உயர் நீதிமன்றத்துக்குத் திருப்பி அனுப்பியது.

அக்கேள்விக்கு விடை கிடைக்கவேயில்லை. 1971 இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 இன் அரசியலமைப்பில் 29ஆம் பிரிவு இடம்பெறவில்லை. சிங்களமே அரசகரும மொழியென அரசியலமைப்பிலேயே எழுதப்பட்டது. இலிகிதர் ஒருவரின் சம்பள உயர்ச்சிக் கணக்கு ஒரு நாட்டின் அரசியலமைப்பையே கேள்விக்குள்ளாக்கியது. விடை கூறுவதற்கு முன் அவ்வரசியலமைப்பே மாற்றப்பட்டது. அரச ஊழியரின் சேவை வழக்குகளைச் சில்லறைச் சச்சரவுகள் என்போர் இவ்வரலாற்றை மறந்தே பேசுகின்றனர்.

1972 இன் அரசியலமைப்பு இன்னொரு காரியத்தையும் செய்தது. சோல்பரி அரசியலமைப்பின்கீழ் நியமனமும் இடமாற்றமும் பதவிநீக்கமும் அரசாங்க சேவை ஆணைக்குழுவின் கையில் இருந்தன. அவ்வாணைக்குழு குறைபாடற்றதென யாரும் கூறார். எனினும் அமைச்சருக்கும் உத்தியோகத்தருக்கும் இடையே அது ஒரு வேலியாக நின்றது. 1972 இல் அவ்வேலி பிடுங்கப்பட்டு, அரச ஊழியர் மீதான அதிகாரம் அமைச்சரவையிடம் ஒப்படைக்கப்பட்டது. 106ஆம் பிரிவின் 5ஆம் உட்பிரிவு, அரச ஊழியரின் நியமனம், இடமாற்றம், பதவிநீக்கம், ஒழுக்காற்று ஆகியன பற்றிய தீர்மானங்களை எந்த நீதி நிறுவனமும் கேள்விக்குட்படுத்தலாகாதெனத் தடை விதித்தது. அதிகாரத்தை ஓரிடத்தில் குவித்தமை ஒரு தவறு. குவித்த அதிகாரத்தைக் கேட்பாரற்றதாக்கியமை அதனினும் பெரிய தவறு.

1978 இன் அரசியலமைப்பு இத்தடையை 55ஆம் உறுப்புரையில் தக்கவைத்துக்கொண்டு, அதில் ஒரு சாளரத்தை மட்டும் திறந்தது. சட்டத்தின் முன் யாவரும் சமம் எனக் கூறும் 12ஆம் உறுப்புரை மீறப்பட்டால் 126ஆம் உறுப்புரையின்கீழ் உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். பதவியுயர்வு மறுக்கப்பட்ட ஆயிரக்கணக்கானோர் இச்சாளரத்தின் ஊடாகவே நுழைய முயன்று வந்துள்ளனர். அது எத்துணை குறுகியதென்பதை உணர்ந்தாலன்றி இன்றைய நிலைமை விளங்காது.

முதலாவது, மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்தல் வேண்டும். மேலதிகாரிக்கு மேன்முறையீடு எழுதி மறுமொழிக்குக் காத்திருக்கும் நேர்மையான உத்தியோகத்தர், அக்காத்திருப்பினாலேயே தம் உரிமையை இழந்துவிடுகின்றார். ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், அங்கு விசாரணை நிலுவையிலுள்ள காலம் கணக்கிடப்படாதென 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் கூறுவது உண்மையே. ஆனால் இதனை அறிந்த உத்தியோகத்தர் எத்தனை பேர்? இரண்டாவது, இம்மனுவை விசாரிக்கும் முதல் நீதிமன்றமும் இறுதி நீதிமன்றமும் ஒன்றே. அங்கு தோற்றவருக்கு வேறு போக்கிடமில்லை. மூன்றாவது, அந்நீதிமன்றம் கொழும்பில் உள்ளது. முல்லைத்தீவிலோ அம்பாறையிலோ மொனராகலையிலோ கடமையாற்றும் முகாமைத்துவ உதவியாளர் ஒருவர் ஒவ்வொரு தவணைக்கும் லீவு எடுத்து, பயணச் செலவும் சட்டத்தரணியின் கட்டணமும் தேடிக்கொண்டு கொழும்புக்குச் செல்லல் வேண்டும். எதிர்த்தரப்பில் சட்டமா அதிபர் திணைக்களம் பொதுப் பணத்தில் நிற்கின்றது.

நான்காவது குறை சட்டத்தின் உள்ளடக்கம் பற்றியது. பதவியுயர்வு பெறுவது ஒருவரின் உரிமையன்று, பதவியுயர்வுக்குச் சமமாகப் பரிசீலிக்கப்படுவதே உரிமை என்பது நீதிமன்றங்களின் பொதுவான நிலைப்பாடு. கொள்கையளவில் இது ஏற்கத்தக்கதே. ஆயின் பரிசீலனை நடைபெற்ற அறைக்குள் நிகழ்ந்ததை மனுதாரர் எவ்வாறு அறிவார்? புள்ளித்தாளும் கூட்ட அறிக்கையும் கோப்பும் மேலதிகாரியிடமே உள்ளன. பாரபட்சத்தை எண்பிக்கும் சுமை மனுதாரர்மீது; எண்பிக்கும் சான்றோ எதிர்த்தரப்பின் அலுமாரியில். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்த பின்னர் இந்நிலை ஓரளவு மாறியுள்ளது. ஆனால் தகவல் கோரி, மறுக்கப்பட்டு, மேன்முறையீடு செய்து அதனைப் பெறுவதற்குள் அந்த ஒரு மாதம் எங்கே போய்விடும்?

இனி, இவ்வழக்குகள் எவ்வாறு பிறக்கின்றன என்பதை நோக்குதல் வேண்டும். அவை தனிமனிதரின் பேராசையிலிருந்து பிறப்பதாகக் கூறுவது மேலெழுந்தவாரியான முடிவு. பெரும்பாலானவை நிருவாகத்தின் ஒழுங்கீனத்திலிருந்தே பிறக்கின்றன. 1963 மே 1 இல் இலங்கைச் சிவில் சேவை ஒழிக்கப்பட்டு நிருவாக சேவை தோற்றுவிக்கப்பட்டதுபோல, சேவைகள் கலைக்கப்பட்டும் இணைக்கப்பட்டும் வந்துள்ளன. வெவ்வேறு வாயில்களால் நுழைந்தோர் ஒரே வரிசையில் நிறுத்தப்படும்போது, அவ்வரிசையில் முன் நிற்பவர் யார் என்ற கேள்வி தவிர்க்கவியலாதது. இன்றும் நிருவாக சேவைக்குத் திறந்த போட்டிப் பரீட்சை, மட்டுப்படுத்தப்பட்ட போட்டிப் பரீட்சை, சேவை மூப்பும் திறமையும் என்னும் வழிகளால் ஆட்சேர்ப்பு நடைபெறுகின்றது.

ஓராண்டின் வெற்றிடங்களுக்குத் திறந்த போட்டிப் பரீட்சை உரிய காலத்தில் நடத்தப்பட்டு ஒருவர் நியமிக்கப்படுகின்றார் எனக் கொள்வோம். அதே ஆண்டின் வெற்றிடங்களுக்கான மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சை நிருவாகத் தாமதத்தால் இரண்டு ஆண்டுகள் பிந்தி நடைபெறுகின்றது. அதில் தேறிய இன்னொருவரின் நியமனம் பின்தேதியிடப்படுகின்றது. இரண்டு ஆண்டுகள் உண்மையாகக் கடமையாற்றியவர் மூத்தவரா? தம் தவறின்றிக் காத்திருக்க வைக்கப்பட்டவர் மூத்தவரா? இருவரிடமும் நியாயம் உண்டு. தவறு செய்தது பரீட்சையைப் பிற்போட்ட திணைக்களம். ஆயினும் நீதிமன்றத்தில் ஒருவரையொருவர் எதிர்த்து நிற்பவர் அவ்விருவருமே. தான் இழைத்த பிழையை ஊழியருக்கிடையிலான பகையாக மாற்றிவிட்டு, அதன்பின் தானே நடுவர்போல் நிற்பது அரச இயந்திரத்தின் வழமையான தந்திரமாகும்.

பதிற்கடமை நியமனம் இதனினும் கொடிது. பாடசாலைகளில் ‘கடமை நிறைவேற்று அதிபர்’ என்ற பெயரில் ஆண்டுக்கணக்காகப் பொறுப்பை மட்டும் சுமந்து, அதிபர் சேவையின் தரமோ மூப்போ இன்றி நின்றோர் பலர். அவர்களை நிரந்தரமாக்கினால் போட்டிப் பரீட்சைக்குத் தோற்றிய மற்றையோர் அநீதி என்கின்றனர். நிரந்தரமாக்காவிடின் உழைத்தோர் அநீதி என்கின்றனர். வெற்றிடங்களை உரிய முறையில் நிரப்பியிருந்தால் இவ்விரு குரல்களும் எழுந்திரா. அயல்நாடான இந்தியாவின் உச்ச நீதிமன்றம் 1990 இல் மகாராஷ்டிரப் பொறியியலாளர் வழக்கில், விதிகளின்படி நியமிக்கப்பட்டவரின் மூப்பு நியமனத் திகதியிலிருந்து கணிக்கப்படல் வேண்டும், விதிக்குப் புறம்பான தற்காலிக நியமனக் காலம் மூப்பிற் சேராது என்ற அடிப்படையை வகுத்தது. எல்லா முடிச்சுகளையும் அது அவிழ்க்கவில்லை. எனினும் ஊழியர் முன்கூட்டியே அறிந்துகொள்ளக்கூடிய ஒரு விதியாக அது நின்றது.

ஆட்சி மாறுந்தோறும் அமைக்கப்படும் ‘அரசியற் பழிவாங்கல்’ குழுக்களைப் பற்றிக் கூறாது இவ்விடயத்தை முடிக்கவியலாது. முன்னைய ஆட்சியில் உண்மையாகவே பழிவாங்கப்பட்டோருக்குப் பரிகாரம் வழங்குதல் நீதியே. ஆனால் அப்பரிகாரம் கட்சி அடையாளத்தை அளவுகோலாகக் கொண்டு, பின்தேதியிட்ட பதவியுயர்வாக வழங்கப்படும்போது, எக்கட்சியையும் சாராது கடமையைச் செய்தவர் ஒரே இரவில் வரிசையிற் பின்தள்ளப்படுகின்றார். அடுத்த ஆட்சியில் அவர் பழிவாங்கப்பட்டவராக விண்ணப்பிப்பார்; சக்கரம் மீண்டும் சுழலும். 2020 ஜனவரியில் நியமிக்கப்பட்ட அரசியற் பழிவாங்கல் பற்றிய ஜனாதிபதி ஆணைக்குழு நீதிமன்றங்களில் நிலுவையிலிருந்த வழக்குகள் பற்றியும் பரிந்துரை செய்து கடுங் கண்டனத்துக்குள்ளானது. நீதிமன்றத்தின் வேலையை ஆட்சியாளர் நியமிக்கும் குழுக்கள் செய்யத் தொடங்கினால் விளைவு இதுவே.

இந்நிலைக்கு ஆதரவாகக் கூறப்படும் வாதங்கள் இரண்டு. ஒன்று, நீதிமன்றங்கள் சேவை விடயங்களிற் தலையிட்டால் நிருவாகம் முடங்கும் என்பது. நிருவாகத்தை முடக்குவது வழக்கா, வழக்குக்குக் காரணமான விதிமீறலா என்று இவ்வாதம் புரிவோர் கேட்பதில்லை. இந்தியாவில் சேவை வழக்குகளுக்கென 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் நிருவாகத் தீர்ப்பாயங்கள் நிறுவப்பட்டன. அத்தீர்ப்பாயங்களைக் காட்டி மேல் நீதிமன்றங்களின் மேற்பார்வை அதிகாரத்தை அகற்றவியலாதென 1997 இல் சந்திரகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதனால் இந்திய நிருவாகம் முடங்கிவிடவில்லை.

மற்றையது, சேவை மூப்பு திறமையின் பகைவன் என்ற வாதம். இது கவர்ச்சி மிக்கது. பல்கலைக்கழக மாணவரையும் எளிதில் ஈர்ப்பது. ஆண்டுகளை எண்ணிப் பதவி வழங்கினால் ஆற்றலுள்ள இளைஞர் முன்னேறுவது எவ்வாறு என இவ்வாதம் கேட்கின்றது. 1854 இல் பிரித்தானியாவில் வெளியான நோர்த்கோட்–திரெவெலியன் அறிக்கை தொட்டுத் திறமைவாதமே நவீனமானதென மதிக்கப்படுகின்றது. ஆனால் அவ்வறிக்கையின் முதற்பகை மூப்பன்று, சிபாரிசு முறையே. இங்கோ சிபாரிசு, திறமையின் உடையை அணிந்து மீண்டும் உள்ளே வருகின்றது. எழுத்துப் பரீட்சையில் அரைப் புள்ளியால் முந்தியவரை, நேர்முகப் பரீட்சையில் ‘ஆளுமை’ என்ற பெயரால் வழங்கப்படும் பத்துப் புள்ளி பின்தள்ளிவிடும். அப்பத்துப் புள்ளிக்கு எழுதப்பட்ட அளவுகோல் இல்லாதவிடத்து அங்கு அளக்கப்படுவது திறமையன்று, நெருக்கமே.

சேவை மூப்பு பூரண நீதியன்று. உறங்கியவரையும் உழைத்தவரையும் அது ஒருங்கே மதிக்கின்றது. ஆயினும் அதற்கொரு பெரும் நற்குணம் உண்டு: அதனை யாரும் தொலைபேசியில் மாற்றவியலாது. திகதியானது அமைச்சரை அறியாது. சாதியையும் மதத்தையும் மொழியையும் அறியாது. பின்புலமற்ற உத்தியோகத்தருக்கு, சிறப்பாகச் சிறுபான்மையினருக்கும் பெண்களுக்கும், மூப்பு ஒரு கேடயமாக இருந்து வந்தமைக்குக் காரணம் இதுவே. திறமையை அளக்கும் நேர்மையான கோலை முதலிற் காட்டுங்கள். அதன் பின்னர் மூப்பைக் கைவிடுவது பற்றிப் பேசலாம்.

மொழியும் இதனோடு தொடர்புடையதே. 1987 இன் 13ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. 2007 யூலை முதல் சேவையில் இணைவோர் மற்றைய அரசகரும மொழியில் உரிய தேர்ச்சியைக் குறித்த காலத்துள் பெறல் வேண்டுமென விதிக்கப்பட்டது. 1961 இன் சுற்றுநிருபம் ஒரு சாராரின் மீது மட்டும் விழுந்தது. இவ்விதி இரு சாராருக்கும் பொதுவானது. இது வரவேற்கத்தக்க மாற்றமே. ஆனால் பொதுவான விதி பொதுவாகவே நடைமுறைப்படுத்தப்படல் வேண்டும். ஒருவருக்குச் சலுகைக்காலம் நீடிக்கப்பட்டு, இன்னொருவரின் சம்பள உயர்ச்சி நிறுத்தப்படுமாயின், கோடீஸ்வரனின் கேள்வி வேறோர் உருவத்தில் மீண்டும் எழும்.

2001 இன் 17ஆம் திருத்தம் சுயாதீனமான அரசாங்க சேவை ஆணைக்குழுவை மீளக் கொணர்ந்ததோடு, அதன் தீர்மானங்களை மாற்றவும் இரத்துச் செய்யவும் வல்ல நிருவாக மேன்முறையீட்டு நியாயசபைக்கும் இடமளித்தது. இந்நியாயசபை நல்லதோர் அமைப்பே. ஆனால் 2010 இன் 18ஆம் திருத்தம், 2015 இன் 19ஆம் திருத்தம், 2020 இன் 20ஆம் திருத்தம், 2022 இன் 21ஆம் திருத்தம் என ஆணைக்குழு உறுப்பினரின் நியமன முறை ஊஞ்சலாடியது. ஒவ்வோர் ஆட்சியும் தனக்கேற்பத் திருத்தக்கூடிய சுயாதீனம் உண்மையான சுயாதீனமாகாது. இத்தனை திருத்தங்களுக்கூடாகவும் மாறாது நின்றது ஒன்றே: 126ஆம் உறுப்புரைக்கும் நியாயசபைக்கும் அப்பால் ஆணைக்குழுவின் தீர்மானத்தை எந்த நீதிமன்றமும் விசாரிக்கலாகாதென்ற 61அ உறுப்புரையின் தடை. சிவப்பானாலும் பச்சையானாலும் நீலமானாலும் ஆட்சியாளர் யாவரும் 1972 இன் பூட்டைப் பத்திரமாகவே பேணினர்.

இதனால் இழப்பவர் யார்? பதவியுயர்வு மறுக்கப்பட்ட உத்தியோகத்தர் மட்டுமல்லர். தம் உயர்ச்சி விதியில் தங்கியிருப்பதாக அறிந்த உத்தியோகத்தர், விதிக்கு மாறான கட்டளையை மறுக்கத் துணிவார். தம் உயர்ச்சி ஒருவரின் மனத்தில் தங்கியிருப்பதாக அறிந்தவர் அம்மனத்தையே விதியாகக் கொள்வார். காணி அனுமதிப்பத்திரமோ வீட்டுத் திட்ட உதவியோ கேட்டுப் பிரதேச செயலகத்தின் வாங்கில் காத்திருக்கும் ஏழை விவசாயிக்கு, மேசைக்கு அப்பால் இருப்பவர் இவ்விருவருள் எவர் என்பது வாழ்க்கைப் பிரச்சினை. பதவியுயர்வைத் தம் கையில் வைத்திருப்போர் கோப்பையும் தம் கையிலேயே வைத்திருக்கின்றனர். வயலில் உழைப்போரின் துயரத்துக்கும் கந்தோர் வழக்குக்கும் தொடர்பில்லை என்போர் காணத் தவறும் தொடர்பு இதுவேயாகும்.

செய்ய வேண்டுவன அரியனவல்ல. ஒவ்வொரு சேவையினதும் மூப்புப் பட்டியல் ஆண்டுதோறும் வெளியிடப்பட்டு, ஆட்சேபங்கள் பதவியுயர்வுக்கு முன்னரே தீர்க்கப்படல் வேண்டும். நேர்முகப் பரீட்சையின் புள்ளித்திட்டம் முன்கூட்டியே வர்த்தமானியில் வெளிவருதலும், ஒவ்வொருவர் பெற்ற புள்ளியும் கேளாமலே அவரிடம் வழங்கப்படுதலும் வேண்டும். பதிற்கடமைக்கு மீறவியலாத கால எல்லை வேண்டும். பழிவாங்கல் பற்றிய முறைப்பாடுகள் நியாயசபையின் முன்னரே விசாரிக்கப்படல் வேண்டும். அதுவும் பாதிக்கப்படக்கூடிய மற்றையோரையும் கேட்ட பின்னரே. நியாயசபை மாகாணங்களிலும் அமர்தல் வேண்டும். ஒரு மாத எல்லை நீடிக்கப்படல் வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, 1972 இல் இடப்பட்ட பூட்டு அகற்றப்பட்டு, சேவை வழக்குகளை ஏனைய வழக்குகளைப் போன்று நீதிமன்றங்கள் விசாரிக்க வழிசெய்யப்படல் வேண்டும்.

பல்கலைக்கழகத்திலிருந்து வெளியேறும் மாணவருட் பெருந்தொகையினர் அரசாங்க சேவையையே நாடிச் செல்கின்றனர். நியமனக் கடிதம் கிடைக்கும் நாளில் தம் சேவைப் பிரமாணக் குறிப்பையும் தாபனக் கோவையையும் வாசிப்போர் மிகச் சிலர். பத்து ஆண்டுகளின் பின் பின்தள்ளப்பட்ட பின்னரே அவற்றைத் தேடுகின்றனர். தனித்தனியே மனுச் செய்வதும், தனித்தனியே பாராளுமன்ற உறுப்பினரின் வாசலில் நிற்பதும் இப்பிணியைத் தீர்க்கா. வாசலில் நின்று பெற்ற உயர்ச்சி இன்னொருவரிடமிருந்து பறிக்கப்பட்டதே. கோடீஸ்வரன் எழுப்பிய கேள்விக்கு நீதிமன்றம் இறுதிவரை விடையளிக்கவில்லை. அரச ஊழியரின் உரிமை அரசின் அருளா, சட்டத்தின் ஆணையா என்ற அக்கேள்விக்கு விடை காணும் பொறுப்பு இன்று சேவைக்குள் நுழையவிருக்கும் தலைமுறையிடமே விடப்பட்டுள்ளது.